என் வாய், வத்சலாவின் குரல்

விருத்தாசலத்தில் ஒரு தியேட்டர். மதியக் காட்சி. முக்காடு போட்டுக்கொண்டு என் அக்கா தனத்தின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். தலைக்கு மேலே மின்விசிறி சுற்றியது, காற்று வரவில்லை. முன் வரிசையில் யாரோ ஆரஞ்சுப் பழம் உரித்தார்கள். அந்த வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது.

திரையில் நான் போலீஸ் உடுப்பில் ஜீப்பிலிருந்து இறங்கினேன். விசில் அடித்தார்கள். நிஜமாக அங்கே உட்கார்ந்திருந்த என்னை ஒருத்தரும் திரும்பிப் பார்க்கவில்லை.

அக்கா என் விலாவில் முழங்கையால் இடித்தாள். "நீ எப்பதான் வருவ?"

"வந்துட்டேன்க்கா. இப்பப் பேசுறது நான்தான்."

அக்கா தலையைச் சாய்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் கேட்டாள்.

"பொய் சொல்லாத. அது வேற பொம்பள."

சர்க்கரை நோய் அவள் கண்களைத் தின்று இரண்டு வருஷம் ஆகியிருந்தது. வெளிச்சம் தெரியும், ஆள் நிழல் தெரியும். முகம் தெரியாது. இரண்டாயிரம் பிறந்து சில வருஷம் ஆன சமயம். கண் போன பிறகு அவள் தியேட்டருக்கு வந்தது அன்றைக்குத்தான். மாட்டேன் என்றவளை நான்தான் இழுத்துக்கொண்டு போனேன். பெரிய உபகாரம் செய்கிற நினைப்பு எனக்கு.

இடைவேளையில் முறுக்கு வாங்கிக் கொடுத்தேன். அதைக் கடிக்காமல் மடியில் வைத்துக்கொண்டாள்.

"கண்ணு தெரிஞ்ச வரைக்கும் உன் மூஞ்சியப் பாத்துக்கிட்டே இருந்துட்டேன்டி. யாரு பேசுறான்னு யோசிக்கல. இப்ப மூஞ்சி போயிடுச்சு. இந்தப் படத்துல நீ எங்க இருக்குற, சொல்லு பாப்பம்."

கோபம் வந்தது. பதில் தெரியாதபோதெல்லாம் எனக்குக் கோபம்தான் வரும்.

வெரைட்டி நடிகை

இந்தத் தொடரின் போன வார அத்தியாயத்தைப் படித்துவிட்டு ஒரு வாசகி கடிதம் போட்டிருக்கிறார். இவ்வளவு கடுகடுவென்று ஏன் எழுதுகிறீர்கள், நல்லதாக நான்கு சொல்லக்கூடாதா என்று கேட்கிறார். எனக்கு இப்படித்தான் எழுத வரும். நல்லதாகப் படிக்க வேண்டுமென்றால் இந்தப் பத்திரிகையிலேயே சமையல் பக்கம் இருக்கிறது.

என்னை 'வெரைட்டி நடிகை' என்பார்கள். அம்மன் வேஷம் போட்டேன். நகைச்சுவை நடிகருக்கு மனைவியாக வந்து துடைப்பத்தால் அடித்தேன். மருமகளுக்குப் பாலில் விஷம் வைத்தேன். வக்கீல், போலீஸ், பைத்தியக்காரி, பேய். கடைசியாக, என்னைவிட ஐந்து வயது பெரிய கதாநாயகனுக்கு அம்மா. நகைச்சுவைக்கு ஒருத்தி, அழுகைக்கு ஒருத்தி என்று வைத்துக்கொள்ளும் தொழிலில் நான் எல்லா இடத்திலும் நுழைந்தேன். அந்தப் பெருமை எனக்கு இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய்.

ஆனால் அதில் பாதிப் பெருமை இன்னொருத்தியுடையது. அவள் பெயர் வத்சலா. இருபத்தைந்து வருஷம் என் வாய் அசைந்தது, அவள் பேசினாள். அம்மனுக்குக் கனத்த குரல், அடிக்கிற மனைவிக்குக் கீச்சுக் குரல், பேய்க்குக் காற்றுக் குரல். உட்கார்ந்த இடத்தில் அத்தனையும் அவள் செய்தாள். வெரைட்டி என்றால் அவள்தான் வெரைட்டி. அவளை நான் நேரில் பார்த்தது பத்து முறைகூட இருக்காது.

முதல் நாள்

என் வீட்டுப் பெயர் அஞ்சலை. அம்மா இறந்தபோது எனக்கு ஆறு வயது, அக்காவுக்குப் பதினேழு. அவள் பீங்கான் கம்பெனிக்குப் பொம்மை வேலைக்குப் போய் என்னை வளர்த்தாள். அச்சில் களிமண் கரைசலை ஊற்றி, இறுகியதும் பிரித்து எடுப்பார்கள். பொம்மையின் இரண்டு பக்கமும் அச்சு சேர்ந்த கோடு தெரியும். அதைப் பிளேடால் சுரண்டி, ஈர ஸ்பாஞ்சால் துடைத்துத் தெரியாமல் ஆக்க வேண்டும். அதுதான் அக்காவின் வேலை. துடைத்துத் துடைத்து அவள் விரல் நுனியில் ரேகையே இருக்காது. ரேஷன் கடையில் கைநாட்டு வைத்தால் வெறும் மை வட்டம் விழும்.

நான் நாடகக் குழுவில் சேர்ந்து, அங்கிருந்து சினிமாவுக்குப் போன கதையை முன்பே எழுதிவிட்டேன். முதல் படப்பிடிப்புக்கு அக்காதான் என்னை ரயிலில் கூட்டிக்கொண்டு போனாள். முதல் வசனமே 'வீட்டுக்குப் போக வேண்டும்' என்பதுதான். நான் 'வூட்டுக்குப் போவணும்' என்றேன். என் குரல் வேறு கட்டைக் குரல். எல்லோரும் சிரித்தார்கள். விளக்குப் பிடித்தவர்கள்கூடச் சிரித்தார்கள்.

இயக்குநர் சிரிக்கவில்லை. "மூஞ்சி போதும். குரலை வேற யாரையாவது வச்சுப் பாத்துக்கலாம்" என்று உதவியாளரிடம் சொன்னார். எனக்கு எதிரிலேயே சொன்னார்.

திரும்பி வரும்போது அக்கா கேட்டாள். "என்னாடி அது, உன் தொண்டைக்கு என்னா குறை?"

அதுவரைக்கும் தப்பு அவர்களுடையது. அதற்குப் பிறகு நடந்தது என் தப்பு.

ஏனென்றால் அது எனக்கு வசதியாக இருந்தது. மற்ற நடிகைகள் நடித்து முடித்துவிட்டு வாரக்கணக்கில் டப்பிங் தியேட்டரின் இருட்டில் நிற்பார்கள். எனக்கு அந்த வேலை இல்லை. அந்த நேரத்தில் இன்னொரு படம் நடிப்பேன். ஒரே சமயத்தில் நான்கு படம். பெயர் வந்த பிறகு, 'நானே பேசுகிறேன்' என்று சொல்லியிருந்தால் யாரும் மறுத்திருக்க மாட்டார்கள். நான் சொல்லவில்லை.

வசனம் மனப்பாடம் செய்வதையும் விட்டேன். எங்கள் தொழிலில் இது உண்டு. வசனம் வராவிட்டால் எண்ண வேண்டியது. ஒன்று, இரண்டு, மூன்று என்று உணர்ச்சியோடு எண்ணினால் போதும், பிறகு குரல் கொடுப்பவர் உதட்டுக்குத் தகுந்தபடி வார்த்தையைப் பொருத்துவார். ஒரு படத்தில் கோர்ட் கூண்டில் நின்று மகனுக்காகக் கதறுவேனே, நினைவிருக்கிறதா? அந்தக் காட்சியில் நான் ஒன்றிலிருந்து அறுபத்திரண்டு வரை எண்ணினேன். ஜனங்கள் தியேட்டரில் மூக்கைச் சிந்தினார்கள். அக்காவும் அழுதாளாம். அப்போது அவளுக்குக் கண் இருந்தது.

அக்கா கேட்ட ஒரே பொருள்

அக்கா என்னிடம் எதுவும் கேட்டதில்லை. சென்னைக்கு வா என்றால் வர மாட்டாள். புடவை வாங்கிப் போனால் கம்பெனியில் கூட வேலை பார்த்த செல்விக்குக் கொடுத்துவிடுவாள். செல்வி பக்கத்து வீடு. கண் போன பிறகு அக்காவுக்குச் சோறு போட்டு, மாத்திரை எடுத்துக் கொடுத்தது அவள்தான். நான் இல்லை.

அந்த போலீஸ் படம் பார்த்துவிட்டு ஆட்டோவில் திரும்பும்போது அக்கா கேட்டாள்.

"ஒரே ஒரு படத்துல நீயே பேசுடி. நான் கேக்கணும். அதுக்கப்பறம் நீ எந்தப் பொம்பளய வேணும்னாலும் வச்சுக்கோ."

சிறுநீரகமும் பழுதாகிக்கொண்டிருக்கிறது, அதிக நாள் சொல்ல முடியாது என்று டாக்டர் என்னிடம் தனியாகச் சொல்லியிருந்தார். அக்காவிடம் யாரும் சொல்லவில்லை. அவளுக்குத் தெரிந்துதான் இருந்தது.

சரி என்றேன்.

வெள்ளாற்றங்கரைப் படம்

ஒரு வருஷத்துக்குள் வாய்ப்பு வந்தது. கதிரேசன் என்று ஒரு புது இயக்குநர். பெண்ணாடம் பக்கத்தில் கரும்பு வெட்டப் போகும் ஒரு விதவையின் கதை. என்னைப் பார்க்க வந்த அன்றைக்கே, உங்கள் குரல்தான் வேண்டும், உங்கள் ஊர்ப் பேச்சுதான் வேண்டும், அதற்காகத்தான் வந்தேன் என்றார். என் ஆயுளில் ஒரு இயக்குநர் என்னிடம் அப்படிக் கேட்டது அதுதான் முதல் தடவை.

படப்பிடிப்பு நடந்த நாட்களில் ஓட்டலில் தங்காமல் அக்கா வீட்டில் தங்கினேன். சாயங்காலம் கரும்பின் காய்ந்த சோகை இலை கிழித்த கையோடு வந்து உட்கார்ந்தால், அக்கா கட்டிலில் கால் நீட்டிக்கொண்டு வசனம் கேட்பாள். அப்போதுதான் ஒன்று தெரிந்தது. ஊர்ப் பேச்சு என்னிடம் இல்லை. முப்பது வருஷத்தில் எங்கேயோ போய்விட்டது.

"மறுபடி சொல்லு" என்பாள் அக்கா.

சொல்லுவேன்.

"ஏண்டி, கரும்பு வெட்டுறவ பேசுற மாதிரியா இருக்குது? சீரியல்ல மாமியாக்காரி பேசுறாப்புல இருக்குது. கட்டு தூக்கிக்கிட்டுப் பேசிப் பாரு, மூச்சு வாங்கும், தன்னால வரும்."

வீட்டில் கரும்புக் கட்டு இல்லை. ஊற வைத்த அரிசிக் குண்டானை என் தலையில் ஏற்றிவிட்டு வீட்டுக்குள் நடக்க வைத்தாள். செல்வி கதவைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "பெரியக்கா, நீங்க டைரக்டரா போயிருந்தா சின்னக்கா என்னிக்கோ சினிமாவ விட்டே ஓடியிருக்கும்" என்றாள்.

நாலாம் நாள் கொஞ்சம் வந்தது. பத்தாம் நாள் சரளமாக வந்தது. அன்றைக்கு நான் பேசி முடித்ததும் அக்கா என் தொண்டையைத் தொட்டுப் பார்த்தாள். அந்த ரேகை இல்லாத விரல்.

கண்ணிருந்த காலத்தில் காலண்டரில் பால் கணக்கைக் குறித்தவள் அவள். இப்போது படம் எப்போது வரும் என்று செல்வியை விட்டுத் தேதி பார்க்கச் சொல்லிக்கொண்டே இருந்தாளாம்.

இரண்டு நாள்

சென்னையில் டப்பிங். கதவைச் சாத்தினால் வெளிச் சத்தமே இல்லாத அறை. காதில் ஹெட்போன். திரையில் என் முகம், எதிரே மைக். என் உதட்டோடு நானே ஓட வேண்டும். முதல் நாள் திணறினேன். இரண்டாம் நாள் பிடிபட்டது. இடைவேளை வரைக்கும் முடித்தேன். கதிரேசன் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எழுந்து நின்று கும்பிட்டார்.

அன்றைக்குச் சாயங்காலம் ஹைதராபாத்திலிருந்து அழைப்பு. ஒரு பேய்ப் படம். இரட்டை வேடம், தலைப்பே என் பாத்திரத்தின் பெயர்தான். என் வயதில் யாருக்கு அப்படி வரும்? நாளைக்கே கிளம்பி வர வேண்டும், இல்லாவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள்.

கதிரேசனிடம் சொன்னேன். மீதியை வத்சலாவை வைத்து முடித்துக்கொள் என்றேன். அவர் முகம் தொங்கிவிட்டது.

"நீங்க எப்ப வரீங்களோ அப்ப பேசுங்கம்மா. ஒரு மாசம் ஆனாலும் நான் காத்திருக்கேன்."

எனக்கு அந்தப் பேய்ப் படம் மூளையில் ஏறியிருந்தது. உனக்காக மறுபடி மறுபடி வந்து நிற்க நான் என்ன வேலையில்லாதவளா என்று கத்தினேன். வத்சலாவின் நம்பரை வாங்கிக்கொண்டு போனார்.

மறுநாள் விமான நிலையத்தில் இருக்கும்போது வத்சலாவே ஃபோன் செய்தாள். "நீங்களே பேசி முடிங்கங்க. அந்த ஊர்ப் பேச்சு எனக்குச் சுத்தமா வராது. அதோட இன்னொண்ணு இருக்குதுங்க..." என்று ஆரம்பித்தாள். விமானத்துக்குக் கூப்பிடுகிறார்கள் என்று ஃபோனை வைத்துவிட்டேன். கூப்பிடவில்லை. கூப்பிட இன்னும் அரை மணி நேரம் இருந்தது.

என் கணக்கு என்னவென்றால், இடைவேளை வரைக்கும் என் குரல் இருக்கிறது, அக்காவுக்கு அது போதும். பிற்பாதியில் வத்சலா பேசினால் யாருக்கு வித்தியாசம் தெரியப்போகிறது? இருபத்தைந்து வருஷமாக அவள் குரல்தான் என் குரல் என்று ஊரே நம்பியது. நானும் நம்பிவிட்டேன். இரண்டும் ஒன்றுதான் என்று நினைத்தேன்.

இந்த முட்டாள்தனத்தை வேறு எந்தத் தொழிலிலும் செய்ய முடியாது.

ஃபோனில் அக்கா

படம் வெளியான அன்று நான் ஹைதராபாத்தில் பேய் வேஷத்தில் இருந்தேன். முகத்தில் மாவு, கண்ணில் வெள்ளை லென்ஸ். மத்தியானச் சாப்பாட்டு வேளையில் அக்கா வீட்டிலிருந்து ஃபோன். செல்வி ஆட்டோ வைத்து அவளைக் காலைக் காட்சிக்குக் கூட்டிக்கொண்டு போயிருந்தாள்.

"கேட்டியாக்கா?" என்றேன்.

"கேட்டேன்டி. நம்ம ஊருப் பேச்சு அச்சு அசலா இருந்துச்சு."

"பாத்தியா, சொன்னபடி செஞ்சேனா இல்லையா?"

"செஞ்சடி. சாப்பிட்டியா?"

நான் சந்தோஷமாகப் போய் மரத்தில் தொங்கினேன். அன்றைக்கு ஒரே டேக்கில் எல்லாம் ஓகே ஆனது.

நான்கு மாதம் கழித்து அக்கா இறந்தாள். தகவல் வந்து நான் போய்ச் சேர்ந்தபோது குளிப்பாட்டிப் படுக்க வைத்திருந்தார்கள். நான் அழுததை ஊரே நின்று வேடிக்கை பார்த்தது. பார்த்துவிட்டுப் போகட்டும். ஒரு கடமையை முடித்தோம் என்கிற நிம்மதி அன்றைக்கு எனக்கு ஒரு மூலையில் இருந்தது. அதை இப்போது எழுதவே கை கூசுகிறது.

தொலைக்காட்சியில்

நான் நடித்த படங்களை நான் பார்ப்பதில்லை. ஒரு பண்டிகை நாளில் வீட்டில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருந்தது. கரும்பு வயல் தெரிந்தது. உட்கார்ந்தேன்.

முதல் காட்சியில் நான் வாயைத் திறந்தேன். வத்சலாவின் குரல்.

இரண்டாவது காட்சியிலும் வத்சலா. இடைவேளை வரைக்கும் பார்த்தேன். என்னுடையது ஒரு சொல் இல்லை. ஊர்ப் பேச்சு வராது என்றவள் எங்கேயோ போய்க் கற்றுக்கொண்டு, 'வூடு' என்பதுகூடத் தவறாமல் பேசியிருந்தாள். அக்கா ஃபோனில் பொய் சொல்லவில்லை. ஊர்ப் பேச்சு அச்சு அசலாகத்தான் இருந்தது.

கதிரேசனுக்கு ஃபோன் போட்டுத் திட்டினேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார்.

"ஒரே ஆளுக்குப் பாதியில குரல் மாறினா ஜனங்க சிரிப்பாங்கம்மா. அதனால முதல்லேருந்து அவங்களையே பேச வச்சேன். உங்களுக்குத் தெரியும்னு நினைச்சேன். முப்பது வருஷமா இருக்கீங்களே."

நான் பேசிய அந்த இரண்டு நாள் பதிவு எங்கே என்று கேட்டேன்.

"அதை அழிச்சு, அதுக்கு மேலதான் அவங்க குரலைப் பதிவு பண்ணினோம். அது இல்லம்மா."

செல்வி சொன்னது

அந்த வாரமே விருத்தாசலத்துக்குப் போனேன். ஜங்ஷனில் இறங்கி நேராக செல்வி வேலை பார்க்கும் பட்டறைக்குப் போனேன். கூரைக்குக் கீழே வெள்ளை மண் தூசி. வரிசையாகச் சுடாத பிள்ளையார்கள். செல்வி பலகையில் உட்கார்ந்து ஸ்பாஞ்சால் துடைத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்தும் கை நிற்கவில்லை.

படத்தில் நான் பேசவில்லை என்பது உனக்கும் தெரியும்தானே, ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். சத்தமாகத்தான் கேட்டேன். மற்றப் பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"பெரியக்காதான் சொல்லக் கூடாதுன்னாங்க. அங்க வேலையில இருப்பா, இதச் சொல்லி அவ மனச நோவடிக்காதன்னாங்க."

"தியேட்டர்ல என்ன சொன்னாங்க?"

செல்வி ஸ்பாஞ்சைத் தண்ணீரில் முக்கிப் பிழிந்தாள்.

"ஆரம்பத்துல நீங்க வரும்போதெல்லாம், இதா இதான்னு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. நானும் ஆமாங்கக்கா, சின்னக்காதான்னேன். ஒவ்வொரு வாட்டியும் இல்லன்னு தலைய ஆட்டுனாங்க. இடைவேளைக்கப்பறம் கேக்கல. சரி, தூங்கிட்டாங்கன்னு நெனச்சேன். படம் முடிஞ்சி லைட்டு போட்டுட்டாங்க. சனமெல்லாம் எழுந்து போயிடுச்சு. வாங்கக்கா போவலாம்னு கையப் புடிச்சா, இருடி, அவ இன்னும் பேசலயேன்னாங்க."

சொல்லிவிட்டு அடுத்த பிள்ளையாரை எடுத்தாள்.

அங்கே எனக்கு வேறு வேலை இல்லை. மத்தியான ரயிலிலேயே சென்னைக்குத் திரும்பினேன். மறுநாள் ஒரு நகைச்சுவைப் படத்தில் எனக்குச் சண்டைக்காரப் பெண்டாட்டி வேஷம். போனேன். மூன்று பக்க வசனம் கொடுத்தார்கள். நானே பேசுகிறேன் என்று அன்றைக்காவது சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்தேன். எண்பது வரை எண்ணினேன்.